எரிமலையில் எதுவும் எரிவதில்லை

கடலூர் தேவனாம்பட்டினத்தில், கடற்கரைக்குப் போகும் சாலையோரத் தேநீர்க் கடையில் ஒரு நாள் காலை உட்கார்ந்திருந்தேன். தொலைக்காட்சிச் செய்தியில் இந்தோனேசிய எரிமலை ஒன்று புகைந்துகொண்டிருந்தது. அதைப் பார்த்த ஒரு பெரியவர், "இது வெடிச்சுத்தானே அன்னிக்கு சுனாமி வந்துச்சு, மறுபடியும் புகையுது பாருங்க" என்றார். பக்கத்தில் இருந்தவர்கள் தலையசைத்தார்கள். 2004 டிசம்பர் 26 அன்று இந்த மாவட்டத்தில் மட்டும் 600க்கும் மேற்பட்டோரைக் கடல் கொண்டுபோயிற்று. அந்த மண்ணில் உட்கார்ந்துகொண்டு அவருடைய பேச்சைத் திருத்த எனக்கு வாய் வரவில்லை. ஆனால் அவர் சொன்னது தவறு.

சில மாதங்கள் கழித்துப் புதுச்சேரியில் ஒரு திருமண வீட்டில் வேறொரு காட்சி. இந்தியப் பெருங்கடலில் பிரான்சுக்குச் சொந்தமான ரீயூனியன் தீவில் குடியேறிவிட்ட தங்கை முறைப் பெண் ஒருத்தி, அங்குள்ள பித்தோன் தெ லா ஃபூர்னேஸ் என்ற எரிமலையிலிருந்து செந்நிறக் குழம்பு வழிந்தோடும் காணொளியைக் கைபேசியில் காட்டினாள். "நாங்க சாப்பாடு கட்டிக்கிட்டுக் குடும்பத்தோட போய்ப் பார்ப்போம் அண்ணா" என்றாள். ஓரிடத்தில் ஊரையே அழிக்கும் பூதம், இன்னோரிடத்தில் கட்டுச்சோற்றோடு போய்ப் பார்க்கும் வேடிக்கை. இரண்டுக்கும் நம்மிடம் இருப்பது எரிமலை என்ற ஒரே சொல். இந்தக் குழப்பத்தை அடியிலிருந்து பிரித்துப் பார்ப்பதற்காகவே இதை எழுதுகிறேன். உதாரணங்களைப் பெரும்பாலும் இந்தோனேசியாவிலிருந்து எடுத்திருக்கிறேன். ஏறக்குறைய 130 செயல்படும் எரிமலைகள் கொண்ட அந்த மலைநாடு, வங்கக் கடலுக்கு அக்கரையில் இருக்கும் நம் அண்டை வீடு.

எரிவது எது?

பாதிக் குழப்பத்துக்கு ‘எரிமலை’ என்ற அழகான சொல்லே காரணம். எரிதல் என்பது, விறகோ மண்ணெண்ணெயோ காற்றிலுள்ள ஆக்ஸிஜனோடு கூடி வேறு பொருளாக மாறுவதும், அந்த மாற்றத்தில் வெப்பம் பிறப்பதும் ஆகும். விறகு எரிந்தால் விறகு தீர்ந்துபோகும், சாம்பல் மிஞ்சும். எரிமலையின் வாயிலிருந்து சிவந்து வழிவதோ உருகிய கல். கொல்லன் பட்டறையில் உலையிலிருந்து இடுக்கியால் எடுத்த அரிவாளை நினைத்துக்கொள்ளலாம்: பழுக்கக் காய்ந்து செக்கச்செவேல் என்று ஒளிர்கிறது, பக்கத்தில் வைக்கோல் இருந்தால் பற்றிக்கொள்ளும், ஆனால் அரிவாள் எரிகிறது என்று எவரும் சொல்வதில்லை. ஆறினால் அது மீண்டும் அதே இரும்பு. எரிமலைக் குழம்பும் ஆறினால் கல்லாகிவிடும்.

அப்படியானால் அந்தப் புகை? அதில் பெரும்பகுதி நீராவி. அதனோடு கரியமில வாயுவும் கந்தக வாயுக்களும் கலந்திருக்கும். அதைக் கருநிறமாக்குவது கல்தூள். செய்திகளில் ‘சாம்பல்’ என்று வரும்போது நம் மனம் உடனே அடுப்புச் சாம்பலுக்குப் போய்விடுகிறது. உண்மையில் அதற்கு நெருங்கிய உறவு, இன்று வீடு கட்டும் எல்லோரும் அறிந்த எம்-சாண்ட் தூள்தான். இரண்டும் நொறுங்கிய கல். எரிமலைச் சாம்பலில் கூர்முனைகளோடு கூடிய கண்ணாடித் துகள்களும் ஏராளம். விறகுச் சாம்பல் ஊதினால் பறக்கும். இதுவோ நனைந்தால் சிமெண்ட் கலவை போல் கனக்கும். கூரைமேல் ஒரு சாண் உயரத்துக்குப் படிந்து மழையும் பெய்துவிட்டால் கூரை உட்கார்ந்துவிடும்.

நேர்மையாக ஒரு விதிவிலக்கையும் சொல்லிவிட வேண்டும். கிழக்கு ஜாவாவில் இஜென் என்ற எரிமலையின் வாய்க்குள், பிளவுகளிலிருந்து வெளிவரும் கந்தக வாயு காற்றுப் பட்டதும் உண்மையாகவே தீப்பிடித்து, இரவில் நீலச் சுடராக எரிகிறது. அருகிலேயே, இறுகிய மஞ்சள் கந்தகக் கட்டிகளை மூங்கில் தண்டின் இருமுனைகளிலும் தொங்கும் கூடைகளில் ஏற்றி, 70, 80 கிலோ எடையைக் காவடிபோல் தோளில் சுமந்து தொழிலாளர்கள் செங்குத்தான பாதையில் மேலேறி வருகிறார்கள். அங்கேயும் எரிவது கந்தகம்தான், மலை எரிவதில்லை.

சுருக்கமாக: சிவப்பு என்பது உருகிய கல், புகை என்பது நீராவியும் கல்தூளும், சாம்பல் என்பது நொறுங்கிய கல்லும் கண்ணாடியும்.

காலடியில் நெருப்புக் கடல் இல்லை

அடுத்த தவறான எண்ணம் இன்னும் பரவலானது. நாம் வாழும் தரை ஓர் ஓடு. அதற்கடியில் கொதிக்கும் குழம்புக் கடல். ஓட்டில் ஓட்டை விழுந்தால் குழம்பு வெளியே வருகிறது. பள்ளிக்கூடத்துச் சுவர்ப்படத்தில் பூமியின் உட்பகுதிக்குச் சிவப்பு வண்ணம் தீட்டியிருப்பதும் இதற்குத் துணைபோகிறது. உண்மையில் மேலோட்டுக்குக் கீழே ஏறத்தாழ 2,900 கிலோமீட்டர் ஆழம் வரை நீளும் ‘கவசம்’ என்ற அடுக்கு, கடும் வெப்பத்தில் இருந்தும் திடப் பாறையாகவே இருக்கிறது. மேலே அடுக்கியிருக்கும் பாறைகளின் எடை அதை உருக விடுவதில்லை.

திடமாக இருந்தும் அது மிக மெதுவாக நகரவும் செய்கிறது. சாலை போடும் தார்க்கட்டியை ஒப்பிடலாம்: சுத்தியலால் அடித்தால் கண்ணாடியாகச் சிதறும், அதையே ஒரு மூலையில் மாதக்கணக்கில் போட்டுவைத்தால் தன் எடையிலேயே பரந்து படர்ந்திருக்கும். இந்த நகர்வோடு சேர்ந்து, மேலோடும் கவசத்தின் மேற்பகுதியும் ஒட்டிய பெரும் பலகைகளும் நகர்கின்றன. இவையே புவித்தட்டுகள். இந்தியாவும் இந்தியப் பெருங்கடலின் தரையும் ஆஸ்திரேலியாவும் அடங்கிய தட்டுப்பகுதி, சுமத்ரா ஜாவா தீவுகளின் வெளிக்கரையில் ஆண்டுக்கு ஆறேழு சென்டிமீட்டர், அதாவது ஒரு விரல் நீளம், மற்றொரு தட்டின் அடியில் நுழைந்து கீழிறங்குகிறது. இந்த நிகழ்வுக்குப் பெயர் அமிழ்தல்.

அமிழும் தட்டு கோடிக்கணக்கான ஆண்டுகள் கடலுக்கடியில் கிடந்தது. அதன் கனிமங்களுக்குள் நீர் ஊறியிருக்கிறது. சுமார் 100 கிலோமீட்டர் ஆழத்துக்குப் போனதும் அழுத்தமும் வெப்பமும் அந்த நீரைப் பிழிந்து வெளியேற்ற, அது மேலே உள்ள சூடான கவசப் பாறைக்குள் ஏறுகிறது. இங்கேதான் திருப்பம். குல்பி விற்பவர் பானையில் பனிக்கட்டியோடு உப்பைக் கலப்பதைப் பார்த்திருப்போம். உப்புக் கலந்த பனிக்கட்டி, சும்மா இருக்கும் பனிக்கட்டி உருகாத கடுங்குளிரிலும் உருகும். அந்நியப் பொருள் ஒன்று உள்ளே நுழைந்ததால் உருகத் தேவையான வெப்பநிலை இறங்கிவிட்டது. பாறைக்கு நீரும் அப்படித்தான்: ஏற்கெனவே உருகலின் விளிம்பில் நிற்கும் பாறை, நீர் கலந்ததும் அங்கங்கே வியர்ப்பதுபோல் உருகத் தொடங்குகிறது. நெருப்பை மூட்டுவது நீர் என்பது முதலில் கேட்கும்போது நம்ப முடியாததாகத்தான் இருக்கும்.

சுமத்ரா, ஜாவா, பாலி, லொம்போக், சும்பாவா என்று எரிமலைகள் ஒரு வில்லின் வளைவில் வரிசைகட்டி நிற்பதற்குக் காரணம் இதுவே. கீழே அமிழும் தட்டின் விளிம்பை அவை மேலே வரைந்து காட்டுகின்றன. ரீயூனியனில் கதை வேறு. அங்கே தட்டு எதுவும் அமிழவில்லை. ஆழத்திலிருந்து கூடுதல் சூடான பாறை மேலே ஏறிவருகிறது, ஏற ஏற மேலிருக்கும் எடை குறைகிறது, எடை குறைந்ததாலேயே உருகுகிறது. குக்கருக்குள் அழுத்தத்தில் அடங்கியிருந்த சுடுநீர், மூடியை அவசரமாகத் திறந்தால் அடுப்பு அணைந்திருந்தாலும் சீறிக் கொதிப்பதைப் போன்றது அது.

இப்படி உருகிய பாறைக்கு, நிலத்துக்கடியில் இருக்கும்வரை மாக்மா என்று பெயர். வெளியே வந்து வழிந்தால் லாவா. பொருள் ஏறக்குறைய ஒன்றுதான், இருக்கும் இடமே பெயரை மாற்றுகிறது. மாக்மா எல்லாம் வெளியே வந்தே தீரும் என்றும் இல்லை. புதுச்சேரியிலிருந்து 70 கிலோமீட்டர் அளவில் இருக்கும் செஞ்சிக் கோட்டைக் குன்றுகள், 200 கோடி ஆண்டுகளுக்கும் முன்னால் ஆழத்திலேயே இறுகிய மாக்மா. மேலே இருந்த பாறைகள் தேய்ந்து போனபின் இன்று நம் கண்ணுக்குத் தெரிகின்றன. ராஜகிரியின் படியேறும்போது இளைப்பாறக் கைவைக்கும் பாறையை உற்றுப் பார்த்தால், வெண்மையும் சாம்பலுமாகப் படிகங்கள் தனித்தனியே மினுங்கும். பாகை அவசரமின்றி ஆறவிட்டால் கற்கண்டு பெரிதாக விளைவதுபோல், மெதுவாக ஆறிய மாக்மாவில் படிகம் பெரிதாக வளர்ந்திருக்கிறது. செஞ்சி அணைந்துபோன எரிமலை என்று சொல்வோர் உண்டு. அது ஒருகாலும் வெடித்த மலை இல்லை. திருவக்கரையின் கல்மரங்களை லாவா மூடியது என்பதும் அதே வகைக் கதை. அவை ஆற்று வெள்ளம் கொண்டுவந்த மணலில் புதைந்து கல்லானவை.

கோலி சோடா தரும் விடை

இனி முக்கியமான கேள்வி. உருகிய பாறை சுற்றியுள்ள திடப்பாறையைவிட எடை குறைந்தது என்பதால் மேலே ஏறும். நீரில் எண்ணெய் மிதப்பது போன்ற செய்தி, அதில் வியப்பில்லை. ஏறிய மாக்மா தரைக்குச் சில கிலோமீட்டர் கீழே தேங்கி நிற்கும் இடத்தை மாக்மா அறை என்பார்கள். அது ஏன் அமைதியாக வழியாமல் மலையையே பிளந்துகொண்டு வெடிக்க வேண்டும்?

விடையைக் கடலூர் பேருந்து நிலைய வாசலில் கோலி சோடாக்காரரிடம் பார்க்கலாம். திறக்கும் முன் பாட்டிலைத் தூக்கி வெயிலில் பாருங்கள்: உள்ளே இருப்பது தெளிந்த நீர், ஒரு குமிழியும் தெரியாது. கழுத்திலுள்ள ரப்பர் வளையத்தோடு கோலிக்குண்டை இறுக்கிப் பிடித்துக்கொண்டிருப்பது உள்ளே அடைபட்ட வாயுவின் அழுத்தம். கட்டைவிரலால் குண்டை அழுத்தியதும் ‘புஸ்’ என்று ஓர் ஓசை. அடுத்த கணம், எங்கிருந்து வந்தன என்று தெரியாமல் குமிழிகள் நீர் முழுவதும் முளைத்து மேலே பாய்கின்றன. குண்டு கழுத்தில் இருந்தவரை அந்த வாயு நீரில் கரைந்து, கண்ணுக்குத் தெரியாமல் இருந்தது. அழுத்தம் விலகியதும் அதற்கு இடமில்லாமல் போயிற்று. வண்டிக் குலுங்கலில் வெயிலேறிய பாட்டில் என்றால், சோடா மணிக்கட்டு வரை வழிந்து சட்டைக்கையையும் நனைத்துவிடும்.

மாக்மாவிலும் நீரும் கரியமில வாயுவும் கந்தக வாயுவும் ஆழத்தின் அழுத்தத்தில் இப்படியே கரைந்திருக்கின்றன. எடையில் நூற்றுக்குச் சில பங்கு நீர் என்றால் அற்பமாகத் தோன்றும். ஆனால் ஒரு லிட்டர் நீர், தரைமட்டத்து அழுத்தத்தில் ஆவியானால் ஏறத்தாழ 1,700 லிட்டர் இடத்தை அடைக்கும். மாக்மா மேலே வர வர அழுத்தம் குறைகிறது, குமிழிகள் பிறக்கின்றன, குமிழி பிறந்ததால் குழம்பு இன்னும் இலேசாகி இன்னும் வேகமாக ஏறுகிறது, ஏறியதால் அழுத்தம் மேலும் குறைந்து குமிழிகள் மேலும் பெருகுகின்றன. இப்படி ஒன்றை ஒன்று தூண்டும் சுழற்சியின் முடிவில், குழம்பில் முக்கால் பங்குக்கு மேல் குமிழியாகிவிடும்போது, குமிழிகளுக்கு நடுவே இருக்கும் மெல்லிய உருகிய சுவர்கள் தாங்காமல் கிழிகின்றன. அதுவரை குழம்புக்குள் வாயு இருந்தது; இப்போது வாயுவுக்குள் குழம்பின் துணுக்குகள் பறக்கின்றன. வெடிப்பு என்று நாம் சொல்வது இந்தக் கணத்தைத்தான். துணுக்குகள் காற்றில் உடனே உறைந்து, படிகமாக நேரமில்லாமல் கண்ணாடியாகின்றன. முன்னர் பார்த்த சாம்பலில் கண்ணாடி எங்கிருந்து வந்தது என்பதற்கு விடை இதுவே.

கிழியாமல் தப்பிய நுரை அப்படியே இறுகினால் நுரைக்கல். குதிகால் தேய்க்க விற்கும் சொரசொரப்பான, இலேசான கல் அது. உள்ளே வெறும் காற்றறைகள் என்பதால் நீரில் மிதக்கும். 1883இல் வெடித்த கிரகடோவா எரிமலையின் நுரைக்கற்கள் தீவுகள்போல் திரண்டு, மாதக்கணக்கில் மிதந்து, இந்தியப் பெருங்கடலைத் தாண்டி ஆப்பிரிக்கக் கரையில் ஒதுங்கின.

குண்டை அழுத்தும் விரல் எது? பல உண்டு. புதிய சூடான மாக்மா அறைக்குள் புகுவது ஒன்று. மேலிருக்கும் பாரம் திடீரென விலகுவது இன்னொன்று. அதை விளக்க நெய்வேலியே போதும். அங்கே பழுப்பு நிலக்கரிப் படிவத்துக்குக் கீழே மிகுந்த அழுத்தத்தோடு நிலத்தடி நீர் அடைபட்டிருக்கிறது. மேல்மண்ணை வெட்டி எடுக்க எடுக்க அதை அடக்கி வைத்திருந்த பாரம் குறைவதால், ராட்சதக் குழாய்களில் இடைவிடாது நீரை இறைத்துக்கொண்டே இருக்க வேண்டும். நிறுத்தினால் சுரங்கத்தின் தரையையே பிளந்துகொண்டு நீர் மேலே வரும். எரிமலையின் உச்சியில் மூடிபோல் இருந்த பாறை சரிந்தாலும் அடியில் இருப்பது அப்படித்தான் கிளம்பும். ஒரு வேறுபாடு: நெய்வேலியில் மேலே தள்ளுவது நீரின் அழுத்தம் மட்டுமே, அங்கே குமிழி பிறப்பதில்லை.

இதுவரை பார்த்ததில் ஒன்றை மட்டும் நினைவில் வைத்தால் போதும். குழம்பு வெளியே வருவது எடைக்குறைவால். அது வெடிப்பது வாயுவால்.

கட்டுச்சோறும் கம்பிப்பதமும்

சோடாவைத் திறந்தால் பொங்கி வழிகிறதே தவிர பாட்டில் வெடிப்பதில்லை, ஏன்? நீர் இளகலானது, குமிழி தடையின்றி வெளியேறிவிடுகிறது. இங்கேதான் ரீயூனியனும் ஜாவாவும் பிரிகின்றன.

பொங்கலுக்கு வெல்லப்பாகு காய்ச்சுவோருக்கு இதை விளக்க வேண்டியதில்லை. தொடக்கத்தில் பாகு நீர்போல் ஓடும். குமிழிகள் சலசலவென்று உடையும். கம்பிப்பதம் தாண்டி உருட்டுப்பதத்துக்கு நெருங்கும்போது ஒவ்வொரு குமிழியும் மெல்ல உப்பி, ‘தொப்’ என்று வெடித்துக் கைமேல் தெறிக்கும். ஒரு குழம்பு ஓட மறுக்கும் அளவை அறிவியல் தமிழில் பாகுநிலை என்கிறோம். சொல்லே அடுப்படியிலிருந்து வந்தது. பாறைக் குழம்பின் பதத்தைத் தீர்மானிப்பவை இரண்டு: வெப்பம் எவ்வளவு, சிலிகா எவ்வளவு. சிலிகா என்பது ஆற்று மணலின் முக்கியப் பொருளான அதே கனிமம். அது கூடினால் குழம்பு கெட்டிப்படும்.

பித்தோன் தெ லா ஃபூர்னேஸின் குழம்பில் சிலிகா குறைவு, வெப்பம் 1,100 டிகிரி செல்சியஸுக்கும் மேல். பாகு இளகல், வாயு எளிதில் பிரிந்துபோகிறது. அதனால் ஏறக்குறைய ஆண்டுதோறும் வெடித்தாலும் பெரும்பாலும் ஆளற்ற சரிவிலேயே வழிகிறது, சில முறை கடலையும் சேர்கிறது. 1977 ஏப்ரலில் மட்டும் வழி தவறி பித்தோன் சேந்த் ரோஸ் என்ற ஊருக்குள் இறங்கி, வீடுகளைக் கொளுத்தி, தேவாலயத்தின் வாசல்வரை வந்து நின்றது. உயிர் எதுவும் போகவில்லை, மக்கள் முன்னரே நடந்து விலகியிருந்தார்கள். லாவாவிடமிருந்து பெரும்பாலும் நடந்தே தப்பலாம். ஜாவாவின் மெராபியில் சிலிகா அதிகம், வெப்பம் சற்றுக் குறைவு, நீர் மிகுதி. உருட்டுப்பதக் குழம்பு உச்சியிலேயே குவிந்து ஒரு பானை கவிழ்த்தாற்போல் வாயை அடைத்துக்கொள்கிறது. இந்தக் குவியல் லாவாக் குவிமாடம் எனப்படும். உள்ளே வாயு வெளியேற வழியில்லாமல் கிடக்கிறது.

என் தங்கை பார்த்தது முதல் வகை. தேநீர்க் கடைப் பெரியவர் அஞ்சியது இரண்டாம் வகை. இருவரும் பார்த்தது உண்மைதான்.

உயிரைக் குடிப்பது எது?

சிவப்புக் குழம்பு மனிதரைத் துரத்திப் பிடிப்பதாகத் திரையில் காட்டுவார்கள். இந்தோனேசியாவின் அனுபவம் வேறு.

குவிமாடம் சரிந்தாலோ வெடித்தாலோ, நூற்றுக்கணக்கான டிகிரி வெப்பமுள்ள வாயுவும் தூளும் பாறைத் துண்டுகளும் ஒரே மேகமாகத் தரையோடு தரையாக, மணிக்கு நூறு கிலோமீட்டருக்கும் மேலான வேகத்தில் சரிவில் இறங்கும். இந்தோனேசியர் இதற்கு ‘அவான் பானாஸ்’, அதாவது அனல்மேகம், என்று பெயர் வைத்திருக்கிறார்கள். மெராபி அடிவாரத்து ஜாவானியர் அதைச் சடைபிடித்த ஆட்டின் பெயரால் அழைக்கிறார்கள். தூரத்திலிருந்து பார்த்தால் சுருள்சுருளாக உருண்டுவரும் ஆட்டு மந்தைபோலவே இருக்குமாம். 2010 அக்டோபர் 26 அன்று மெராபியில் அப்படி ஒரு மேகம் இறங்கியபோது, அந்த மலைக்குக் காவலராக ஜோக்ஜகார்த்தா சுல்தானால் நியமிக்கப்பட்டிருந்த முதியவர் மாரிஜான், எச்சரிக்கையை மீறித் தன் ஊரிலேயே தங்கி இறந்தார். அடுத்த சில வாரங்களில் இறந்தோர் 350ஐத் தாண்டினர். அதே நேரத்தில் லட்சக்கணக்கானோர் முன்கூட்டியே வெளியேற்றப்பட்டதால் பிழைத்தார்கள். அனல்மேகத்துக்கு மருந்து ஒன்றே: அது கிளம்பும்போது அங்கே இல்லாமல் இருப்பது.

அடுத்தது சேற்று வெள்ளம். சரிவில் குவிந்த தூள் மழையிலோ ஏரி நீரிலோ கரைந்து, சிமெண்ட் கலவையின் கனத்தோடு ஆற்றுவழியே பாய்வதை உலகெங்கும் விஞ்ஞானிகள் ‘லஹார்’ என்கிறார்கள். அது ஜாவானியச் சொல். வெடிப்பு ஓய்ந்து மாதங்கள் ஆனபின்னும் ஒரு கனமழை போதும். கெலூட் எரிமலையின் வாயில் இருந்த ஏரி 1919இல் வெடிப்போடு வெளியே வீசப்பட்டு, லஹாராக இறங்கி சுமார் 5,000 பேரைக் கொன்றது. அதன்பின் மலையைக் குடைந்து சுரங்கவழி அமைத்து ஏரியின் நீர்மட்டத்தைக் குறைத்தார்கள். 2021 டிசம்பர் 4 அன்று, ஜாவாவின் மிக உயர்ந்த மலையான செமேருவில் அனல்மேகமும் சேறுமாக இறங்கி 50க்கும் மேற்பட்டோர் மாண்டனர். செமேரு என்ற பெயரைக் கேட்டால் நம் காதுக்குப் பழக்கமாக இருக்கும், அது சுமேருதான்.

வாயு சத்தமின்றிக் கொல்லும். 1979இல் டியெங் பீடபூமியில் ஒரு சிறு வெடிப்புக்கு அஞ்சி ஓடிய மக்கள், பள்ளத்தில் தேங்கியிருந்த கரியமில வாயுவுக்குள் நடந்து போய் 140 பேருக்கு மேல் மூச்சடைத்து விழுந்தார்கள். காற்றைவிடக் கனமான வாயு, கிணற்றில் தேங்குவதுபோல் தாழ்விடத்தில் தேங்கும்.

சாம்பலோ தூரம் போகும். 1982 ஜூன் 24 இரவு, ஜாவாவின் கலுங்குங் எரிமலை கக்கிய தூளுக்குள் தெரியாமல் நுழைந்த பிரிட்டிஷ் ஏர்வேஸ் விமானத்தின் நான்கு எஞ்சின்களும் நின்றுபோயின. தூளில் இருந்த கண்ணாடி எஞ்சினின் சூட்டில் உருகி ஒட்டிக்கொண்டதே காரணம். விமானம் சறுக்கிக்கொண்டே கீழிறங்கித் தூளைவிட்டு வெளிவந்தபின் எஞ்சின்கள் உயிர்பெற்று, ஜகார்த்தாவில் எல்லோரும் பத்திரமாக இறங்கினார்கள். இன்னும் தூரம் வேண்டுமென்றால், சுமார் 74,000 ஆண்டுகளுக்கு முன் சுமத்ராவின் தோபாவில் நிகழ்ந்த மாபெரும் வெடிப்பின் சாம்பல், ஆந்திரத்தில் கர்நூல் பக்கம் ஜ்வாலாபுரத்தில் இன்றும் வெள்ளைப் படிவமாகத் தோண்டத் தோண்டக் கிடைக்கிறது. அந்த வெடிப்பு விட்டுச்சென்ற பள்ளம்தான் 100 கிலோமீட்டர் நீளமுள்ள தோபா ஏரி.

உறங்குவதும் விழிப்பதும்

பாடநூலில் செயல்படும் எரிமலை, உறங்கும் எரிமலை, தணிந்த எரிமலை என்று மூன்று பெட்டிகள் படித்திருப்போம். தேர்வுக்கு அது வசதி. மலைகளுக்குப் பாடநூல் தெரியாது. ‘செயல்படும்’ என்றால் இப்போது கக்கிக்கொண்டிருப்பது என்று பொருளில்லை. பொதுவாக, கடந்த 10,000 ஆண்டுகளுக்குள் ஒருமுறையாவது வெடித்ததையும், உள்ளே உயிர்ப்பின் அடையாளம் தெரிவதையும் அப்படிக் கணக்கிடுகிறார்கள். மனித வாழ்நாளை அளவுகோலாக வைத்தால் ஏமாறுவோம். சுமத்ராவின் சினாபுங் ஏறக்குறைய 400 ஆண்டுகள் அமைதியாக இருந்தது. அடிவாரத்தில் காய்கறித் தோட்டங்கள், ஊர்கள். 2010 ஆகஸ்டில் விழித்து, பின்னர் ஆண்டுக்கணக்கில் கக்கி, சில ஊர்களை நிரந்தரமாகக் காலிசெய்ய வைத்தது. நம் நாட்டில் செயல்படும் ஒரே எரிமலையான அந்தமானின் பாரன் தீவும், ஒரு நூற்றாண்டுக்கும் மேலான மௌனத்துக்குப் பின் 1991இல் கக்கியது. நல்லவேளையாக அங்கே மனிதர் இல்லை. பாராடாங் தீவில் சுற்றுலாப் பயணிகளுக்குக் காட்டப்படும் ‘மண் எரிமலை’ வாயு கொப்பளிக்கும் சேறு மட்டுமே.

மலைகள் விழிக்கும் முன் சிறு நடுக்கங்கள் தரும், சரிவு சில சென்டிமீட்டர் உப்பும், வாயுவின் கலவை மாறும். இவற்றை அளந்து இந்தோனேசியா ஒவ்வொரு மலைக்கும் 1 முதல் 4 வரை எச்சரிக்கைப் படி அறிவிக்கிறது. ஆனால் குறைந்த படி என்பது அனுமதிச் சீட்டு ஆகாது. 2023 டிசம்பர் 3 அன்று மேற்குச் சுமத்ராவின் மராபி வெடித்தபோது அது 2ஆம் படியில்தான் இருந்தது. உச்சியில் இருந்த மலையேறிகளில் 24 பேர் இறந்தார்கள். மராபி வேறு, முன்னர் சொன்ன ஜாவாவின் மெராபி வேறு. நம் செய்திகளில் இரண்டும் அடிக்கடி ஒன்றாகிவிடுகின்றன.

அப்படியானால் சுனாமி?

பெரியவரின் பேச்சுக்கு வருகிறேன். எரிமலையால் சுனாமி வரவே வராது என்று சொன்னால் அதுவும் பிழை. 1883 ஆகஸ்ட் 27 அன்று கிரகடோவா வெடித்துச் சரிந்தபோது எழுந்த அலைகளே, அந்த நிகழ்வில் இறந்த 36,000க்கும் மேற்பட்டோரில் பெரும்பாலானோரைக் கொன்றன. அந்த ஓசை 4,800 கிலோமீட்டர் தொலைவில் உள்ள ரோட்ரிகஸ் தீவில் பீரங்கிச் சத்தம்போல் கேட்டது. கிரகடோவாவிலிருந்து கடலூர் அதைவிட அருகில் இருக்கிறது. இந்தியத் துறைமுகங்களின் கடல்மட்ட அளவிகளிலும் அந்த அலை பதிவாயிற்று, ஆனால் அளவியில் ஒரு நெளிவாக. ஊரை விழுங்கும் சுவராக இல்லை. அதே இடத்தில் 1927இல் கடலுக்குமேல் முளைத்த அனாக் கிரகடோவாவின், அதாவது கிரகடோவாவின் பிள்ளையின், ஒரு பக்கம் 2018 டிசம்பர் 22 இரவு கடலுக்குள் சரிந்தது. சுந்தா நீரிணையின் இரு கரைகளிலும் 400க்கும் மேற்பட்டோர் மடிந்தார்கள். நம் கரையில் ஒன்றும் தெரியவில்லை. ஒரு மலை தள்ளும் நீர் எவ்வளவு பெரிதாக எழுந்தாலும், அது ஒரு புள்ளியிலிருந்து பரவுவதால் பெருங்கடலைக் கடப்பதற்குள் வலுவிழந்துவிடுகிறது.

2004இல் எந்த மலையும் வெடிக்கவில்லை. அமிழும் தட்டும் மேல்தட்டும் உரசும் இடத்தில் நூற்றாண்டுகளாகச் சிக்கிக் கிடந்த விளிம்பு, காலை ஆறரை மணிக்குச் சிக்கல் விடுபட்டு எகிறியது. நிலநடுக்க அளவு 9.1. விடுபட்ட விளிம்பின் நீளம் சுமத்ராவிலிருந்து அந்தமான் வரை சுமார் 1,300 கிலோமீட்டர். சென்னையிலிருந்து மும்பைக்கு ரயில் ஓடும் தூரம். அத்தனை நீளத்துக்கும் கடல்தரை மேலெழும்பி, அதன்மேல் இருந்த கடல் முழுவதையும் ஒருசேரத் தூக்கிவிட்டது. அந்த விளிம்பு வடக்குத் தெற்காக நீண்டிருந்ததால், அலையின் முழு வேகமும் கிழக்கிலும் மேற்கிலும் சென்றது. மேற்கில் இருந்தது நம் கரை. இரண்டரை மணி நேரத்துக்குள் தேவனாம்பட்டினத்துக்கு வந்து சேர்ந்தது.

ஆகவே பெரியவர் முழுதும் தவறில்லை. அந்த நிலநடுக்கமும் அந்த எரிமலைகளும் ஒரே அமிழ்தலின் பிள்ளைகள். உறவு உண்டு, ஒன்று மற்றொன்றைப் பெற்றதாகச் சொல்வதுதான் பிழை. அடுத்த முறை அவரைக் கண்டபோது இதைத்தான் சொன்னேன். "அப்போ அங்க புகை வந்தா நாம பயப்பட வேணாமா?" என்று கேட்டார். "புகைக்கு வேணாம் ஐயா. தரை ஆடினாலோ, கடல் உள்வாங்கினாலோ, யாரையும் கேக்காம மேட்டுக்குப் போயிடுங்க" என்றேன். ஹைதராபாத்தில் 2007 முதல் இயங்கும் இந்தியச் சுனாமி எச்சரிக்கை மையத்தினர் இரவு பகலாகப் பார்த்துக்கொண்டிருப்பவையும் நிலநடுக்க அளவிகளும் கடல்மட்ட அளவிகளும்தான் என்பதையும் சொன்னேன். அவர் தம்ளரை வைத்துவிட்டு, இங்கிருந்து மேடு எந்தப் பக்கம் என்று கடைக்காரரிடம் கேட்டார்.